மூணு பை, 24 கிலோ கஞ்சா: சோதனை நோட்டீஸ் தமிழில் இருந்தால் ஜாமீன் ஆயிருமா?

காங்கயம் காளை | 14-11-2025, இரவு 9.40

பனியன் கம்பெனிகளுக்கு ஆள் அனுப்புற ஒரு காண்ட்ராக்டருக்காகக் கேக்கறனுங்க. ஒடிசாப் பசங்க மூணு பேரு. சேலத்துக்கும் கோவைக்கும் நடுவுல ஒரு ஸ்டேசன்ல வண்டிய விட்டு எறங்குனதும் புடிச்சிருக்காங்க. ஆளுக்கு ஒரு பை. 8.200, 7.900, 8.100, மொத்தம் 24.200 கிலோ. எஃப்.ஐ.ஆர்ல என்.டி.பி.எஸ். (போதைப்பொருள் தடுப்பு) சட்டம் 8(சி), 20(பி)(ii)(சி), 29(1). 12ஆம் தேதி கைது, 13ஆம் தேதி ரிமாண்டு. 50ஆவது பிரிவு நோட்டீஸ் முழுக்கத் தமிழ்ல இருக்குது, பசங்களுக்குத் தமிழ் படிக்கத் தெரியாது. "இது ஒண்ணு போதும், ஒரு வாரத்துல வெளிய கொண்டாந்தர்றேன்"னு ஒருத்தர் முன்பணம் கேக்கறார். நம்பலாமுங்களா?

நொய்யல் கரை | 14-11-2025, இரவு 10.25

பணத்தைக் கொஞ்சம் புடிச்சு வைக்கச் சொல்லுங்க.

50ஆவது பிரிவு உடல் சோதனைக்குத்தான். கெஜட்டட் அதிகாரி அல்லது மாஜிஸ்திரேட் முன்னால சோதனை போடச் சொல்லிக் கேக்கற உரிமை உனக்கு உண்டுன்னு ஆளுக்கு ஆள் சொல்லோணும். சொல்லலைன்னா உடம்புல எடுத்த சரக்கு சாட்சியத்துல நிக்காது. பஞ்சாப் பல்தேவ் சிங் வழக்கு (1999), அப்புறம் விஜய்சின் சந்துபா ஜடேஜா (2010), ரெண்டும் அரசியல் சாசன அமர்வு. ஆனா கையில இருக்கற பை உடம்பு ஆகாது. பவன் குமார் (2005) அதைச் சொல்லியாச்சு, ரஞ்சன் குமார் சாதா (2023) திரும்பவும் அடிச்சுச் சொல்லியாச்சு. சரக்கு மூணும் பையில. அப்ப அந்த நோட்டீஸ் எந்த மொழியில இருந்தா என்ன?

முதல்ல பாக்க வேண்டியது எடை. கஞ்சாவுக்கு வணிக அளவு 20 கிலோ. அதுக்கு மேல போயிட்டா ஜாமீனை இறுக்கற 37ஆவது பிரிவு வந்து உக்காந்துக்கும்.

மஞ்ச மண்டி | 15-11-2025, காலை 7.10

மேல அண்ணன் சொன்னதுக்கு ஒரு வால். பையோட சேர்த்து உடம்பையும் தடவியிருந்தா 50 பொருந்தும்னு பர்மானந்த் தீர்ப்பு (2014) இருக்குதேன்னு யாராவது வருவாங்க. அதுக்கப்புறம் பல்ஜிந்தர் சிங் (2019) வந்துருச்சு: உடல் சோதனையில நடந்த தப்பு, வண்டியில எடுத்த சரக்கை அழிக்காது. பர்மானந்த்ல இன்னும் உயிரோட இருக்கற சமாச்சாரம் வேற ரெண்டு. மூணு பேருக்கும் சேர்த்து ஒரே நோட்டீஸ் குடுத்து ஒருத்தன்கிட்டக் கையெழுத்து வாங்குனா செல்லாது. "இல்லீன்னா நானே சோதனை போடட்டுமா"ன்னு மூணாவதா ஒரு வழியைப் போலீசே குடுக்கறதும் செல்லாது. நம்மூர் மகஜர்ல (சரக்கைக் கைப்பத்துன விவரம் எழுதற தாள்) பாதி "தாங்களே சோதனை செய்யுமாறு எதிரி கேட்டுக்கொண்டதன் பேரில்"னுதான் போகும். யாரும் இதுவரைக்கும் தாசில்தாரைக் கூப்புடுங்கன்னு சொன்னதே இல்லைபோல!

அளவுகளை எழுதிடறேன், இங்க அடிக்கடி தப்பா வருது. கஞ்சா: சிறிய அளவு 1 கிலோ, வணிக அளவு 20 கிலோ. சரஸ் (கஞ்சாப் பிசின்) 100 கிராம், 1 கிலோ. ஹெராயின் 5 கிராம், 250 கிராம். மெத்தாம்ஃபெட்டமைன் 2 கிராம், 50 கிராம். எம்.டி.எம்.ஏ. அரை கிராம், 10 கிராம். சட்டத்துல சிறிய அளவுன்னா அந்த எண்ணை விடக் குறைவு, வணிக அளவுன்னா அதை விட அதிகம். அதனால சரியா 1.000 கிலோ சிறிய அளவு கிடையாது. சரியா 20.000 கிலோ வணிக அளவும் கிடையாது. கிலோவுக்குக் கீழ இருந்தா ஒரு வருசம் வரைக்கும்தான், மாஜிஸ்திரேட் கோர்ட்டுலயே முடியும். நடுவுல இருந்தா 10 வருசம் வரைக்கும், சிறப்பு நீதிமன்றம். 20க்கு மேல குறைஞ்சபட்சமே 10 வருசம், ஒரு லட்சம் அபராதம்.

ஸ்டேசன் தராசுக்கு ஒரு கிலோவுக்குக் கீழ முள்ளு எறங்காதுன்னு எங்க கோர்ட்டுல ஒரு பேச்சு உண்டு. 1.100, 1.150ன்னே வரும்.

பழைய ரைட்டர் | 15-11-2025, காலை 11.55

தராசு ஜோக் பழசுங்க. எடையில நெசமாவே தப்பு வர்ற இடம் வேற. பிரவுன் டேப் சுத்துன பொட்டலத்தைச் சுத்துனபடியே தராசுல வெச்சு அதையே எழுதிப்புடுவாங்க. இந்தக் கேசுல 8.200ங்கறது பையோடவா, டேப்போடவா, வெறும் சரக்கா? மகஜர்ல "மொத்த எடை", "நிகர எடை"ன்னு ரெண்டு இருக்கோணும். 24ல இருந்து 20க்குக் கீழ டேப்பால கொண்டு வர முடியாது. 20.800, 21னு வர்ற கேசுல அதுவே உயிர்.

ஸ்டேசன் காகிதம் எந்த வரிசையில வரும்னு சொல்றேன். தகவல் வந்ததும் பொதுநாட்குறிப்புல பதிவு. 42ஆவது பிரிவுன்னா (வீடு மாதிரி தனி இடத்துல பூந்து சோதனை) தகவலை எழுதி மேலதிகாரிக்கு 72 மணி நேரத்துக்குள்ள நகல். அப்புறம் 50 கடிதம், மகஜர், கைதுக் குறிப்பு. ஸ்டேசனுக்கு வந்துதான் எஃப்.ஐ.ஆர். 48 மணி நேரத்துக்குள்ள கைது, கைப்பத்துனது பத்தி மேலதிகாரிக்கு 57ஆவது பிரிவு அறிக்கை. சொத்து பார்ம் 95ல கோர்ட்டுக்குப் போகும். இப்ப பி.என்.எஸ்.எஸ். (புது குற்ற நடைமுறைச் சட்டம்) 105 வந்ததுல இருந்து சோதனையையும் மகஜர் எழுதறதையும் செல்போன்லயாவது வீடியோ எடுத்துக் காலதாமதம் இல்லாம மாஜிஸ்திரேட்டுக்கு அனுப்போணும்.

ஓட்டை விழறது நேரத்துல. மகஜரும் மாதிரிக் கவர் மேல ஒட்டுன லேபிளும் சம்பவ இடத்துலயே சாயங்காலம் 5 மணிக்கு முடிஞ்சதுன்னு இருக்கும். எஃப்.ஐ.ஆர் 7.30க்குத்தான் பதிவாகியிருக்கும். ஆனா 5 மணி லேபிள்ல குற்ற எண் அச்சா எழுதியிருக்கும். பொறக்காத கேசுக்கு எண் எங்கிருந்து வந்துச்சு? லேபிளை மொதல்ல பாருங்க.

நொய்யல் கரை | 15-11-2025, மதியம் 1.30

ரைட்டர் அண்ணா சொன்ன 42 இந்தக் கேசுக்கு வராது. ரயில், பிளாட்பாரம், பஸ்ஸு எல்லாம் பொது இடம், 43ஆவது பிரிவு. அதுக்கு 72 மணி நேர நகல் வேண்டாம். லைன் வீட்டு ரூமுக்குள்ள பூந்து எடுத்தா 42 வரும். ரோட்டுல நிறுத்துன சொந்தக் கார்னாலும் 42 தான். பூட்டா சிங் வழக்குல (2021) தனியார் வண்டி பொது இடம் ஆகாதுன்னு சொல்லி விடுதலையே குடுத்திருக்காங்க. கர்னைல் சிங் (2009) சொன்னபடி நகல் தாமதமானா விளக்கம் சொல்லித் தப்பிக்கலாம், எழுதவே இல்லைன்னா தப்பிக்க முடியாது.

பழைய ரைட்டர் | 15-11-2025, மதியம் 2.05

நான் பொதுவா வரிசை சொன்னனுங்க. ரயில் கேசுக்கு 43 சரிதான்.

காங்கயம் காளை | 15-11-2025, இரவு 8.15

ஆளுக்கு எட்டு கிலோதானே? தனித்தனிப் பை. அப்ப ஒவ்வொருத்தனுக்கும் நடு அளவுதானுங்களே?

மஞ்ச மண்டி | 15-11-2025, இரவு 9.50

அங்கதான் 29 சேத்திருக்காங்க. கூட்டுச்சதின்னு போட்டா மூணையும் கூட்டிக்கலாம். அமர்சிங் ராம்ஜிபாய் பரோட் (2005) அதுக்கு அடிப்படை. ஆனா 29ன்னு தாள்ல எழுதிட்டா மட்டும் சதி ஆயிராது. ஒரே பி.என்.ஆர் டிக்கெட்டா, மூணு பேருக்குள்ள போன் பேச்சு இருக்குதா, ஒரே கணக்குல பணம் போயிருக்குதா, பொட்டலம் மூணு பையிலயும் ஒரே மாதிரி சுத்தியிருக்குதா? இதுல ஒண்ணும் இல்லாம ஒப்புதல் வாக்குமூலம் மட்டும் இருந்தா வாதாடலாம். விசாரிக்கற அதிகாரிகிட்டக் குடுக்கற 67ஆவது பிரிவு வாக்குமூலம் ஒப்புதலா செல்லாதுன்னு தூஃபான் சிங் (2020) சொன்னது நம்ம தமிழ்நாட்டு வழக்குலதான்.

இன்னொண்ணு. கஞ்சான்னா பூக்கிற, காய்க்கிற நுனி. நுனி இல்லாம தனியா இருக்கற இலையும் விதையும் கணக்குல வராது. பச்சைச் செடியை வேரோட புடுங்கி எடை போட்ட கேசுல இது பெருசா நிக்கும். காய வெச்சு அமுக்கின பொட்டலத்துல அவ்வளவா நிக்காது.

நொய்யல் கரை | 16-11-2025, காலை 6.45

ராத்திரி யோசிச்சதுல, காளை கேட்ட கேள்வியிலயே பதில் இருக்குது, இடம்தான் மாறிப்போச்சு. 50 நோட்டீஸ் மொழியை விடுங்க. கைதுக்கான காரணத்தை எந்த மொழியில, எப்பக் குடுத்தாங்க?

விஹான் குமார் (பிப்ரவரி 2025): காரணம் சொல்லாத கைது அரசியல் சாசனம் 22(1)க்கு விரோதம். ஜாமீனுக்குச் சட்டத்துல தடை இருந்தாலும் இந்த ஒரு குறையே ஜாமீனுக்குப் போதும்னு அதுல இருக்குது. 37ஐத் தாண்டற வாசல் இது. அப்புறம் மிஹிர் ராஜேஷ் ஷா, 6 நவம்பர் 2025: எந்தக் குற்றமா இருந்தாலும் காரணத்தை எழுத்துல, அவனுக்குப் புரியற மொழியில குடுக்கோணும். கண்ணு முன்னால நடந்த குற்றம்னு அந்த நேரத்துல வாயில சொன்னாக்கூட, மாஜிஸ்திரேட் முன்னால நிறுத்தறதுக்கு ரெண்டு மணி நேரம் முன்னாடியாவது தாளைக் குடுத்திருக்கோணும். இவங்க கைது 12ஆம் தேதி, அந்தத் தீர்ப்புக்கு அப்புறம்.

வாங்க வேண்டியது: எஃப்.ஐ.ஆர் (காவல்துறை இணையதளத்துல இறக்கிக்கலாம்), ரிமாண்டு அறிக்கை, ரிமாண்டு உத்தரவு, கைதுக் குறிப்பு, கைதுக் காரணத் தாள், சொந்தக்காரங்களுக்குத் தகவல் சொன்ன தாள், மகஜர். நகல் மனுவை நாளைக்கே போடுங்க.

பழைய ரைட்டர் | 16-11-2025, காலை 9.20

அதுல ஒரு கல்லு கெடக்குது. ரிமாண்டு உத்தரவுல "எதிரிக்குத் தெரிந்த இந்தி மொழியில் விளக்கப்பட்டது"ன்னு ஒரு வரி இருந்தா? ஸ்டேசன்ல இந்தி தெரிஞ்ச ஒரு காவலரைக் கூப்புட்டு விளக்குனதாச் சொல்லுவாங்க. ஒடிசாக்காரன் இந்தி பேசுவான், படிக்கத் தெரியாது.

நொய்யல் கரை | 16-11-2025, காலை 10.00

விளக்குனது வேற, எழுதிக் குடுத்தது வேற. விளக்கினவர் பேரு, கையெழுத்து தாள்ல இருக்குதான்னு பாக்கோணும். ஆனா ஒரு எச்சரிக்கை. இதுல ஜெயிச்சாலும் சரியான தாளைக் குடுத்துட்டு மறுபடி காவலுக்கு மனுப் போட போலீசுக்கு வழி இருக்குது. கேசு ஒழிஞ்சுதுன்னு அர்த்தம் இல்லீங்க.

பவானி ஜமக்காளம் | 17-11-2025, மாலை 5.30

குமாஸ்தா பக்கத்துல இருந்து. எங்க போடறதுன்னு யாருமே சொல்லலை. முதல் 15 நாள் உள்ளூர் மாஜிஸ்திரேட்டே ரிமாண்டு பண்ணலாம், அதுக்கு மேல சிறப்பு நீதிமன்றம். கோவையில இ.சி. (அத்தியாவசியப் பொருள்) மற்றும் என்.டி.பி.எஸ். சிறப்பு நீதிமன்றம் இருக்குது. மாஜிஸ்திரேட்கிட்ட வணிக அளவு கேசுக்கு ஜாமீன் மனுப் போட்டு நாளைக் கெடுக்காதீங்க. சிறப்பு நீதிமன்றத்துல தள்ளுபடி ஆனா சென்னை உயர் நீதிமன்றத்துல மனு, அதைக் கிரிமினல் ஓ.பி.ன்னு சொல்லுவாங்க. கரூர்க் கேசா இருந்தா மட்டும் மதுரைக் கிளை. கொங்குன்னு நெனச்சுச் சென்னையில ஃபைல் பண்ணித் திருப்பி வாங்குனவங்க உண்டு.

மஞ்ச மண்டி | 17-11-2025, இரவு 10.10

37ல என்ன நடக்கும்னா, அரசு வக்கீலுக்கு எதிர்க்க வாய்ப்புக் குடுக்கோணும். அவர் எதிர்த்தா, இவன் குற்றவாளி இல்லைன்னு நம்ப நியாயமான காரணம் இருக்குது, வெளிய வந்தா மறுபடி பண்ண மாட்டான், இந்த ரெண்டும் கோர்ட்டுக்குத் திருப்தி ஆகோணும். ஆரம்பத்துல இது கிடைக்கறது அரிது. வருசக்கணக்குல விசாரணை நகராமக் கிடந்தா வேற கதை. முகமது முஸ்லிம் (2023), ரவி பிரகாஷ் (2023) ரெண்டும் அந்த வழி.

52ஏ பத்திக் கேக்கறதுக்கு முன்னாடியே சொல்லிடறேன். மாஜிஸ்திரேட் முன்னால சரக்கைக் கணக்கெடுத்து, போட்டோ எடுத்து, மாதிரி எடுக்கோணும். கஞ்சாவுக்கு 24 கிராம், ரெட்டை மாதிரி. சம்பவ இடத்துலயே மாதிரி எடுத்தா தப்புன்னு மோகன்லால் (2016) காலத்துல இருந்து வாதாடறாங்க, யூசுப் வழக்குல (2023) தண்டனையே போச்சு. ஆனா காஷிஃப் வழக்குல (டிசம்பர் 2024) 52ஏ குறையை மட்டும் காட்டி ஜாமீன் கேக்க முடியாதுன்னு ஆயிருச்சு. பாரத் ஆம்பலே (ஜனவரி 2025) விசாரணைக்கும் அதையேதான் சொல்லுது: குறை இருந்தா மட்டும் போதாது, சரக்கு மேலயே சந்தேகம் வரோணும். ஜாமீன் மனுவுல 52ஏவுக்கு நாலு பக்கம் எழுதாதீங்க.

கைப்பத்துன எஸ்.ஐ.யே விசாரிச்சார், அதனால கேசு செல்லாதுன்னும் எழுதாதீங்க. முகேஷ் சிங் (2020) அதை மூடிருச்சு. இன்னும் பழைய மோகன் லாலை (2018) காப்பி பண்ணி ஒட்டறவங்க இருக்காங்க. பேரு ஒண்ணா இருக்கறதால 2016ஐயும் 2018ஐயும் கலக்கறது அதை விடக் கொடுமை!

காங்கயம் காளை | 18-11-2025, காலை 8.00

அப்ப 90 நாள்ல குற்றப்பத்திரிகை வரலைன்னா தானா ஜாமீன் வருமாமே?

மஞ்ச மண்டி | 18-11-2025, காலை 8.40

உங்களுக்கு 180. வணிக அளவுன்னா 36ஏ(4). அரசு வக்கீல் அறிக்கை குடுத்து ஒரு வருசம் வரைக்கும் நீட்டலாம். அந்த அறிக்கையில விசாரணை எது வரைக்கும் வந்திருக்குது, ஏன் இன்னும் காவல் வேணும்னு குறிப்பா இருக்கோணும். 180 முடியறதுக்கு முன்னாடியே வரோணும்.

எண்றது எப்படின்னா, ரிமாண்டு நாளும் சேரும். கபில் வாதவான் (2023) முடிவு அது. 13-11-2025ஐ ஒண்ணுன்னு வெச்சா 180ஆவது நாள் 11-05-2026. அதுக்குள்ள குற்றப்பத்திரிகை வரலைன்னா 12ஆம் தேதி காலையில முதல் வேலையா மனு. மத்தியானம் பாத்துக்கலாம்னு விட்டா பதினொரு மணிக்கு அவங்க குற்றப்பத்திரிகை போட்டுருவாங்க, உரிமை போயிரும். மனு முன்னாடி விழுந்துட்டா, பின்னால வர்ற குற்றப்பத்திரிகை அதை அழிக்காது. எம். ரவீந்திரன் (2020), அதுவும் சென்னையில டி.ஆர்.ஐ. (வருவாய்ப் புலனாய்வுத் துறை) போட்ட கேசு. ஃபைல் பண்ணின நேரம் தாள்ல பதிவாகோணும். உத்தரவு வந்தும் ஜாமீன்தாரர் நிக்கலைன்னா அதுவும் வீணாப்போயிரும்.

நடு அளவுக் கேசுக்கு ஒரு சிக்கல். 10 வருசம் வரைக்கும்னு இருந்தா பழைய சட்டத்துல 60 நாள், ராகேஷ் குமார் பால் (2017). இப்ப பி.என்.எஸ்.எஸ். 187(3)ல வாசகம் "பத்து வருசமோ அதுக்கு மேலயோ"ன்னு மாறியிருக்கறதால 90ன்னு அரசு வக்கீல்கள் நிக்கறாங்க. 61ஆவது நாளே போட்டுடுங்க, சண்டை அங்க நடக்கட்டும். ஆய்வக அறிக்கை இல்லாமப் போட்ட குற்றப்பத்திரிகை முழுசான்னு உயர் நீதிமன்றங்களுக்குள்ள ஒத்துப்போகலை. மனுவுல ஒரு பத்தி எழுதி வைங்க.

காங்கேயத்து மாப்ளே (புதுசு) | 19-11-2025, இரவு 11.05

இழையை மாத்தறதுக்கு மன்னிச்சுக்குங்க. வலிக்குப் போடற மாத்திரை விக்கறவங்க மேல என்.டி.பி.எஸ். வராதாமே? கார் புடிச்சா திரும்பக் கிடைக்குமா?

நொய்யல் கரை | 20-11-2025, காலை 6.50

மாத்திரை எதுன்னு பாக்கோணும் தம்பி. டிராமடால் 2018ல உள்ள வந்துருச்சு: 5 கிராம், 250 கிராம். அட்டவணையில இல்லாத மாத்திரைன்னா மருந்து, அழகுசாதனச் சட்டம் மாதிரி வேற பிரிவு, 37 தொல்லை இல்லை. ஒண்ணு கவனம், எடை போடறது மாத்திரை முழுசையும். மருந்து எத்தனை மில்லிகிராம், மாவு எவ்வளவுன்னு பிரிச்சுக் கணக்குப் போட முடியாது. ஹீரா சிங் (2020) தீர்ப்புக்கு அப்புறம் கலவையோட மொத்த எடைதான்.

கார் கிடைக்கும். ஓனருக்குத் தெரியாம டிரைவரோ பயணியோ கொண்டு போயிருந்தா இன்னும் சுலபம். பிஷ்வஜித் டே (ஜனவரி 2025) காட்டி இடைக்கால மனுப் போடுங்க. ஆர்.சி., இன்சூரன்ஸ், வண்டியை விக்க மாட்டேன்னு உறுதிமொழி வேணும்.

பழைய ரைட்டர் | 20-11-2025, மதியம் 12.15

எல்லாரும் ஒண்ணை மறந்துட்டீங்க. குண்டாஸ். 1982ஆம் வருசத்து 14ஆம் சட்டத்துல "போதைப்பொருள் குற்றவாளி"ன்னு தனி வகையே இருக்குது. ஜாமீன் உத்தரவு கையில வர்ற நேரத்துல கலெக்டரோ கமிஷனரோ கையெழுத்துப் போட்டா 12 மாசம் வரைக்கும்.

மஞ்ச மண்டி | 20-11-2025, இரவு 9.30

நல்லா ஞாபகப்படுத்துனீங்க. உள்ள இருக்கறவன் மேல தடுப்புக்காவல் போடணும்னா அவன் ஜாமீன்ல வரப்போறான்னு காட்ட ஆதாரம் வேணும். ரேகா எதிர் தமிழ்நாடு (2011). அதனால குண்டாஸ் வர்ற வாடை அடிச்சா சிலர் ஜாமீன் மனுவையே போடாம நிறுத்தி வைப்பாங்க. எனக்கு அது அவ்வளவு பிடிக்கலை. "இதே மாதிரிக் கேசுல ஜாமீன் குடுத்திருக்காங்க"ன்னு வேற ஏதோ ஒரு உத்தரவை வெச்சே போட்டுடறாங்க. இந்தப் பசங்க விசயத்துல தடுப்புக்காவல் தாளெல்லாம் ஒடியாவுல குடுக்கோணும். குடுக்கலைன்னா ஆட்கொணர்வு மனுவுல நல்லாவே நிக்கும்.

காங்கயம் காளை | 22-11-2025, மாலை 6.20

நகல் வந்துருச்சுங்க. கைதுக் காரணத் தாள் தமிழ்ல, கையெழுத்து மூணும் ஒடியாவுல. தாள் குடுத்த நேரம் எழுதவே இல்லை. ரிமாண்டு உத்தரவுல இந்தியில விளக்குனதா வரி இல்லை. லேபிள்ல குற்ற எண் இருக்குது, மகஜர் முடிஞ்சது எஃப்.ஐ.ஆருக்கு ஒண்ணே முக்கா மணி நேரம் முன்னாடி. டிக்கெட் மூணும் தனித்தனி, முன்பதிவு இல்லாதது.

நொய்யல் கரை | 22-11-2025, மாலை 7.00

மொழி, நேரம் ரெண்டையும் முதல் காரணமா வெச்சு மனு. அடுத்தது தனித்தனி டிக்கெட், சதிக்கு ஆதாரம் இல்லை, ஆளுக்கு எட்டுக் கிலோ. லேபிளை விசாரணைக்கு வெச்சுக்குங்க, இப்பவே காட்டுனா சாட்சி வர்றப்ப பதில் தயாரா இருக்கும். கிடைக்கறது உறுதின்னு நான் சொல்லலை. ஒரு வாரத்துலன்னு சொல்றவரையும் நம்பாதீங்க.

காங்கயம் காளை | 22-11-2025, மாலை 7.25

சரிங்ண்ணா. கெடச்சா காண்ட்ராக்டரே ஜாமீன் நிக்கலாமுங்களா? ஒடிசாவுல இருந்து ஆளு வர முடியாது.

பவானி ஜமக்காளம் | 22-11-2025, இரவு 8.50

நிக்கலாம். ஆனா பையன் வாய்தாவுக்கு வராம ஊருக்கு ஓடுனா பத்திரத் தொகை அவர் தலையில, பி.என்.எஸ்.எஸ். 491. ஒரு ஆளுக்கு ரெண்டு ஜாமீன்தாரர் கேப்பாங்க, மூணு பேருக்கு ஆறு. போட்டோ, இடதுகைப் பெருவிரல் ரேகை, ஆதார் அல்லது பாஸ்புக் நகல், சொந்த வீட்டு வரி ரசீது. ரசீதுல இருக்கற பேரும் ஆதார்ல இருக்கற பேரும் இனிஷியலோட ஒத்துப்போகோணும், பாதி நாள் அங்கதான் போகும். ஆள் கிடைக்கலைன்னா மாவட்டச் சட்டப்பணிகள் ஆணைக்குழுவுக்கு எழுதுங்க. உத்தரவு வந்து ஒரு மாசம் ஆகியும் வெளிய வர முடியலைன்னா நிபந்தனையைத் தளர்த்தச் சொல்லிக் கேக்கலாம், 2023ல உச்ச நீதிமன்றம் வழி சொல்லியிருக்குது.

தினமும் காலை 10.30க்கு ஸ்டேசன்ல கையெழுத்துன்னு பெரும்பாலும் நிபந்தனை வரும். கம்பெனி டே ஷிப்டுல போட்டா கையெழுத்து விட்டுப்போயிரும். நைட் ஷிப்டுக்கு மாத்திக் குடுக்கச் சொல்லுங்க, ரூமும் அந்த ஸ்டேசனுக்குப் பக்கத்துலயே பாக்கச் சொல்லுங்க.

காங்கயம் காளை | 22-11-2025, இரவு 9.15

நைட் ஷிப்டு ஓடற கம்பெனி ரெண்டு இருக்குதுங்க. திங்கக்கிழம பேசிப் போடறனுங்க.